நில ஆவண இணையச் சேவை: அனுபோக பாத்தியம் கோருபவருக்கு எதுவரை கைகொடுக்கும்?

எதிரிடை அனுபோகத்தில், அதாவது பிறர் நிலத்தை உரிமையாளர் உரிமையை மறுத்துப் பல ஆண்டு வெளிப்படையாகத் தன் வசம் வைத்திருந்ததைக் காட்டி, நிலத்துக்கு உரிமை கோர நினைப்பவர் முதலில் திறக்க வேண்டியது தமிழ்நாடு அரசின் நில ஆவண இணையச் சேவை. பட்டா, 'அ' பதிவேடு (புல எண்வாரியாக நில விவரம் எழுதிய கிராமப் பதிவேடு), புலப்படம் (நில அளவை வரைபடம்) மூன்றையும் வீட்டிலிருந்தே காசில்லாமல் பார்த்துவிடலாம். எல்லோரும் பட்டாவைத்தான் தேடுகிறார்கள். அனுபோக வழக்குக்கு அதைவிட உதவுவது 'அ' பதிவேடு.

மாவட்டம், வட்டம், கிராமம், புல எண், உட்பிரிவு கொடுத்ததும் வரும் பக்கத்தில் 'அரசு / ரயத்துவாரி' என்ற கட்டத்தைப் பாருங்கள். வழக்கின் ஆயுள் அங்கேதான் இருக்கிறது. ரயத்துவாரி என்றால் பெரும்பாலும் தனியார் நிலம். 1963ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 65ஆவது ஷரத்துப்படி 12 ஆண்டு அனுபோகம் போதும். அரசு நிலமானால் 112ஆவது ஷரத்து, 30 ஆண்டு. உடைமையாளர் கட்டத்தில் கோயில் பெயர் இருந்தால் செலவு செய்யாமல் நிறுத்திவிடுவது நல்லது. அறநிலையத்துறைச் சட்டத்தின் 109ஆம் பிரிவு அந்தக் கதவை மூடிவைத்திருக்கிறது. 'பழைய புல எண்' கட்டத்தையும் குறித்துக்கொள்ளுங்கள். பழைய கிரயப் பத்திரமும் வில்லங்கமும் தேட அந்த எண்தான் சாவி.

சேவையின் பெரிய குறை, அது இன்றைய நிலையை மட்டுமே காட்டுவது. அனுபோகமோ ஆண்டுக்கணக்கில் நிரூபிக்க வேண்டிய விஷயம். இடையில் பட்டா எத்தனை கை மாறியது, எந்தப் பசலியில் (ஜூலை முதல் ஜூன் வரையான வருவாய் ஆண்டு) யார் பயிர் வைத்தார் என்பதெல்லாம் இங்கே கிடைக்காது. அதற்குக் கிராம நிர்வாக அலுவலரிடமோ வட்டாட்சியர் அலுவலகத்திலோ அடங்கல் (பசலிவாரியாகப் பயிர் விவரம் எழுதும் கிராமக் கணக்கு) நகல் கேட்டு மனுப் போட வேண்டும். மனுவில் பசலியைக் குறிப்பிடுங்கள்: ஜூலையில் தொடங்கும் ஆண்டில் 590ஐக் கழித்தால் பசலி வரும். 2012 ஜூலை முதல் 2013 ஜூன் வரை பசலி 1422. தீர்வை (நில வரி) ரசீது, மின் கட்டண ரசீது, வீட்டு வரி ரசீது எல்லாம் ஆண்டுவாரியாக வேண்டும். வழக்குக்கு முந்தின மாதம் பாக்கியை மொத்தமாகக் கட்டி வாங்கிய ரசீது எடுபடாது. அதன் தேதியே காட்டிக்கொடுத்துவிடும்.

காகிதம் எல்லாம் சரியாக இருந்தும் தோற்பது பெரும்பாலும் பிராதில், அதாவது வழக்கு மனுவில்தான். 'நிலம் என் பாட்டன் சொத்து, இல்லாவிட்டால் அனுபோகத்தில் எனக்கு வந்தது' என்று இரண்டையும் சேர்த்து எழுதுகிறார்கள். நிலம் இன்னாருடையது என்று ஒப்புக்கொண்டு, அவருக்குத் தெரியும்படி, அவர் உரிமையை மறுத்து, இன்ன தேதியிலிருந்து வெளிப்படையாக இருக்கிறேன் என்று சொன்னால்தான் எதிரிடை. குத்தகைதாரர், அனுமதியின் பேரில் குடியிருப்பவர், காவல்காரர் 40 ஆண்டு இருந்தாலும் அந்தக் கணக்கு தொடங்காது. கூட்டுப் பங்காளியானால் மற்றவரை வெளிப்படையாக விலக்கிவைத்ததைத் தனியே நிரூபிக்க வேண்டும்.

2019இல் உச்ச நீதிமன்றம் ரவீந்தர் கவுர் கிரேவால் வழக்கில் தீர்ப்பளித்த பிறகு, அனுபோகதாரர் தாமே வாதியாக வழக்குப் போடலாம். அதற்காகப் பட்டா தானாக மாறிவிடாது. விளம்புகைத் தீர்ப்பு (உரிமை இவருக்கே என்று நீதிமன்றம் அறிவிக்கும் தீர்ப்பு) நகலோடு வட்டாட்சியரிடம் பட்டா மாறுதலுக்கு விண்ணப்பிக்க வேண்டும்.

நிலத்துக்காரரும் இதே தளத்தை அவ்வப்போது பார்ப்பது நல்லது. பட்டாவில் அறியாத பெயர் ஏறியிருந்தால் வக்கீல் நோட்டீஸோடு நின்றுவிடாதீர்கள். நோட்டீஸ் அந்த 12 ஆண்டை நிறுத்தாது. சுவாதீனம் கேட்டு, அதாவது நிலத்தைத் தம் வசம் ஒப்படைக்கக் கேட்டு வழக்குத் தாக்கல் செய்தால்தான் நிற்கும்.