பொதுக்காணி வழக்குக்குக் காசு சேர்க்கும் முன் இதை வாசியுங்கள்

ஹட்டன், நுவரெலியா, பதுளைப் பக்கம் உங்கள் ஊர் மைதானத்தையோ மயானத்தையோ பிரதேச சபை தனியாருக்குக் கொடுத்துவிட்டதென்று வழக்குப் போட ஓடிக்கொண்டிருக்கிறீர்களா? கொஞ்சம் பொறுங்கள். எங்களைச் சபை ஏமாற்றியது ஒரு பக்கம். அதை எதிர்க்கப் பிடித்த சட்டத்தரணி செய்தது அதைவிட மோசம்.

எங்கள் மைதானம் கைமாறியது சபையில் உறுப்பினர்களே இல்லாத காலத்தில். 2023 மார்ச்சில் பதவிக்காலம் முடிந்ததிலிருந்து 2025 மே தேர்தல் வரை செயலாளர் வைத்ததுதான் சட்டம். விடுதி கட்டப் போகிறவர் வேலி போட ஆட்களை இறக்கிய பிறகுதான் விஷயமே வெளியே வந்தது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் ஆவணங்களை எடுத்தோம். மைதானம் 'பாவனையில் இல்லாத காணி' என்று எழுதியிருக்கிறது. அதோடு இணைத்த நில அளவைப் படத்திலேயே இரண்டு கோல் கம்பங்களும் கீறியிருக்கின்றன!

சட்டத்தரணி "கொழும்புக்குப் போனால் செலவு தம்பி, கண்டி மேல் நீதிமன்றத்திலேயே எழுத்தாணை எடுத்துத் தாறேன்" என்றார். எழுத்தாணை என்றால் அதிகாரிகளின் முடிவை ரத்துச் செய்யவோ தடுக்கவோ நீதிமன்றம் இடும் கட்டளை (writ). சம்பள நாளன்று லயம் லயமாகச் சேர்த்த காசு முழுவதையும் முன்கூட்டியே வாங்கினார். பற்றுச்சீட்டு கேட்டால் "நம்பிக்கை இல்லையா?" என்பார். மனு போட்டாச்சு, வழக்குத் தவணை வரும் என்று இழுத்தடித்தார். பிறகு பார்த்தால் மனு போட்டதே வெகு தாமதம். தவணையன்று அவர் வரவில்லை, ஜூனியர் ஒருவர் நின்றார். இது அரச காணி, சபைக்குப் பராமரிக்க மட்டுமே கொடுத்தது, இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை என்று அரச தரப்பு சொன்னது. மனு தள்ளுபடி.

சபைக்கே சொந்தமில்லாத காணியைச் சபை எப்படிக் கொடுத்தது? எங்கள் கையில் இருந்த பலமான வாதமே அதுதான். தப்பான வாசலில் போய் நின்றதால் அதுவே எங்களைக் கவிழ்த்தது.

இது புதுச் சட்டமும் இல்லை. அரச காணி பற்றிய எழுத்தாணை மனுக்களை மாகாண மேல் நீதிமன்றம் விசாரிக்க முடியாது என்று 2013 செப்டம்பரிலேயே நாட்டின் அதியுயர் நீதிமன்றமான உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. அது ராகலைத் தோட்டமொன்றிலிருந்து போன வழக்கு, நம்ம ஆட்களின் வழக்கு! இது தெரியாதவர் காணி வழக்கை எடுக்கக் கூடாது. தெரிந்தே எடுத்திருந்தால் அதற்கு வேறு பெயர்.

இதற்கிடையில் எங்களுக்கிருந்த இன்னொரு வழிக்கும் காலம் போய்விட்டது. அடிப்படை உரிமை மீறல் மனுவை ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் போட வேண்டும். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்திருந்தால், அங்கே விசாரணை நடக்கும் காலம் கணக்கில் வராது. இதையும் அவர் வாய் திறந்து சொல்லவில்லை. தகவல் கேட்டால் பதில் தர அதிகாரிக்கு 14 வேலை நாட்கள் இருக்கின்றன. அதற்குள்ளேயே மாதத்தில் பாதிக்கு மேல் கரைந்துவிடும். ஆகவே பதிலுக்காகக் காத்திருக்காமல் முறைப்பாட்டைக் கொடுத்துவிடுங்கள். மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணைக்கு இப்படிக் கறாரான கெடு இல்லை, ஆனால் ஏன் தாமதம் என்று கேட்பார்கள். இப்போது வேறொருவர் மூலம் அங்கேதான் போகப் பார்க்கிறோம்.

காசு கொடுக்கும் முன், காணி யார் பெயரில் இருக்கிறதென்று காணிப் பதிவகத்தில் தேடுங்கள், பிரதேச செயலகத்திலும் கேளுங்கள். தோட்டத்தை ஒட்டிய காணியென்றால் குத்தகை கம்பனியிடம், உரிமை அரசிடம், புல் வெட்டுவது சபை என்று மூன்று பக்கம் இழுபடும். அப்புறம், மனு போட்டாச்சு என்றால் வழக்கிலக்கத்தை வாங்கி, நீதிமன்றப் பதிவாளர் அலுவலகத்தில் நீங்களே போய்ப் பாருங்கள்.

ஃபைலைத் திருப்பிக் கேட்டு அவருக்கு அனுப்பிய கடிதத்துக்கு இன்னும் பதில் இல்லை. உயர் நீதிமன்றத்துக்கு முறைப்பாடு அனுப்பச் சத்தியக்கடதாசி தயாராகிறது. உங்களுக்கும் இதே மாதிரி நடந்திருந்தால் வங்கிச் சீட்டு, வட்ஸ்அப் குரல் செய்தி எதையும் அழித்துவிடாதீர்கள். பற்றுச்சீட்டு இல்லாத எங்களுக்கு இப்போது கையில் இருப்பது அவைதான்.