பாரிஸ் பிலார்மோனி: ரிக்கெற் எடுத்தா மேடைக்குப் பின்னாலை எடுங்கோ

பாரிஸிலை இருக்கிற எங்கடை ஆக்களிட்டை, எங்கடை தமிழ்க் கடைத்தெரு லாச்சப்பலிலை எந்தக் கடையிலை கொத்து நல்லம் எண்டு நித்திரையிலை கேட்டாலும் சொல்லுவினம். ஆனா பக்கத்திலை கார் து நோர் ரயில் ஸ்ரேசனிலை 5ஆம் நம்பர் மெற்றோ ஏறினா அஞ்சாவது ஸ்ரேசனிலை இப்பிடி ஒரு மேற்கத்தைய சங்கீதக் கச்சேரி மண்டபம் இருக்கெண்டு கனபேருக்குத் தெரியாது. போர்த் து பொந்தனிலை இறங்குங்கோ, லாவிலெத் பூங்காப் பக்கம் சாம்பல் நிறத்திலை ஒரு குன்று மாதிரி நிக்கும், மேலை முழுக்க அலுமினியத்திலை வெட்டின பறவைகள். அதுதான் பிலார்மோனி து பாரி. 2015 ஜனவரியிலை திறந்தது.

மேற்கத்தைய சங்கீதம் எங்களுக்கு என்னத்துக்கு எண்டு கேக்கிற ஆக்களுக்கும் சேர்த்துத்தான் எழுதுறன்.

முதலிலை மண்டபத்தைப் பற்றிச் சொல்லுறன். 2400 பேர் இருக்கலாம், ஆனா உள்ளுக்கை போனா அவ்வளவு பெரிசெண்டு தெரியாது, ஏனெண்டா மேடையைச் சுத்தி நாலு பக்கமும் சனம் இருக்கிற மாதிரிக் கட்டினபடியா கொண்டக்டர், அதாவது முன்னுக்கு நிண்டு கையாட்டி வாத்தியக்காரரை நடத்துற ஆள், நிக்கிற இடத்திலையிருந்து ஆகத் தூரத்துக் கதிரைக்கும் 32 மீற்றர்தான். பல்கனியள் சுவரோடை ஒட்டாமல் விலகி நிக்குது, சத்தம் அதுகளுக்குப் பின்னாலையும் சுத்தி வருகுது. நகரத்துக்குள்ளை இன்னொரு பழைய மண்டபத்திலை, பேர் வேண்டாம், கனக்கக் காசு குடுத்துப் போட்டு ஒரு தூணைப் பார்த்துக்கொண்டு இருந்தனான், அந்தச் சீத்துவம் இங்கை இல்லை.

நான் எடுக்கிறது மேடைக்குப் பின்பக்கக் கதிரை. மலிவு. பேஸ் கொஞ்சம் கூடக் கேக்கும், பாட்டுக்காரர் மற்றப் பக்கம் பார்த்துப் பாடினா குரல் சரியா வராது, அது உண்மை. ஆனா கொண்டக்டரின்ரை முகம் நேரை தெரியும் பாருங்கோ, அதுக்காகவே போகலாம். சும்மா தடியை ஆட்டுறதுக்கு ஒரு சம்பளமோ எண்டு நக்கலடிக்கிற ஆக்களை இந்த இடத்திலை ஒருக்கா கொண்டுவந்து இருத்த வேணும். கை கீழை வந்து ஒரு கணம் கழிச்சுத்தான் சத்தம் வரும், அவர் எப்பவும் கொஞ்சம் முன்னுக்கே போய்க்கொண்டிருக்கிறார், வலது கை காலத்தைப் பிடிக்குது, இடது கை ஒரு பக்கத்தை அமத்தி மற்றப் பக்கத்தைத் தூக்கிவிடுது, கண் அடுத்து வாசிக்க வேண்டிய ஆளிட்டை ஏற்கெனவே போட்டுது.

இனிப் பேருக்கு வருவம். பெரிய மண்டபத்துக்குப் பேர் பியேர் பூலேஸ், பிரெஞ்சு இசையமைப்பாளர், கொண்டக்டரும். செத்த பிறகு வைச்ச பேர்தான், ஆனா சும்மா மரியாதைக்கு ஒட்டினது எண்டு நினைக்காதேங்கோ, இப்பிடி ஒண்டு வேணும், அதுவும் இந்த இடத்திலை வேணும் எண்டு வருசக்கணக்கா அரசாங்கத்தைப் போட்டு உலுப்பின மனுசன் அவர். 1925இலை மொன்பிறிசோன் எண்ட சின்ன ஊரிலை பிறந்து, கணக்குப் படிக்கத் தொடங்கி, அதை விட்டுட்டு சங்கீதத்துக்கு வந்து, 1946இலை ஒரு நாடகக் கொம்பனிக்கு இசைப் பொறுப்பாளரா வேலை செய்தவர். புதுச் சங்கீதத்தை ஒருத்தரும் ஒழுங்கா வாசிக்கினம் இல்லை எண்டு 1954இலை தானே ஒரு கச்சேரித் தொடர் தொடங்கி, அதை நடத்த ஆள் வேணும் எண்டுதான் தானே மேடையிலை ஏறினவர். அதாவது நிர்வாகம் முதல், கொண்டக்டர் வேலை பிறகு. தடியும் பிடிக்கிறேல்லை, வெறுங்கைதான்.

1966இலை கலாசார அமைச்சர் மல்றோ இசைத்துறைக்கு வேறை ஆளைப் போட, கோவத்திலை பிரான்சோடை தொடர்பை வெட்டிப் போட்டார். 1967இலை ஜேர்மன் பத்திரிகை ஒண்டுக்கு ஒபெரா எண்ட பாட்டு நாடக மண்டபங்களைக் குண்டு வைச்சு உடைக்க வேணும் எண்ட மாதிரிக் கதைச்சவர், அதே மனுசன் 1976இலை ஜேர்மனியிலை பைரொய்த் விழாவிலை வாக்னரின்ரை ரிங் எண்ட நாலு ஒபெராவையும் முழுசா நடத்தினவர், முதல் வருசம் சனம் கூக்காட்டிச்சு, 1980இலை அதே சனம் எழும்பி நிண்டு கை தட்டிச்சு. அதுக்கு முதல் 1971இலையிருந்து லண்டனிலை பிபிசி ஒர்கெஸ்ட்ரா, நியூயோர்க் பில்ஹார்மொனிக் எண்டு ரெண்டு பெரிய வாத்தியக்குழு வேலையை ஒரே நேரம் பார்த்தவர். நியூயோர்க்கிலை கதிரையளைக் கழட்டிப் போட்டு சனத்தை நிலத்திலை விரிப்பிலை இருத்திக் கச்சேரி வைச்சவர். எனக்கு அந்த மனுசனிலை பிடிச்சது அதுதான்.

இதுக்கிடையிலை பிரான்ஸ் ஜனாதிபதி பொம்பிடு கூப்பிட, பாரிஸிலை பொம்பிடு சென்ரர் எண்ட கலை மையத்துக்குப் பக்கத்திலை நிலத்துக்குக் கீழை இர்க்காம் எண்ட இசை ஆராய்ச்சி நிலையத்தை 1977இலை திறந்து, 1992 வரைக்கும் அவரே தலைவர். 31 பேர் கொண்ட நவீன இசைக்குழு ஒண்டு, 1995இலை இதே வளவிலை சித்தே து லா மியூசிக் எண்ட இசை மையம், பிறகு இந்த பிலார்மோனி, எல்லாத்துக்கும் பின்னாலை அவர்தான். அரச காசெல்லாத்தையும் தன்ரை பக்கம் இழுத்துப் போட்டார், தன்ரை ரசனைக்கு ஒத்துவராத ஆக்களை ஒதுக்கினார் எண்டு அவரைத் திட்டின இசையமைப்பாளர்மார் பிரான்சிலை கனபேர், அதிலை ஞாயம் இருக்கு. இந்தக் கட்டடமே கிட்டத்தட்ட 386 மில்லியன் யூரோ முழுங்கினது, வேலை முடிய முதலே திறந்தபடியா கட்டடக் கலைஞர் ஜோன் நுவெல் திறப்பு விழாவுக்கு வரமாட்டன் எண்டு நிண்டவர். பூலேஸும் வரேல்லை, அவருக்கு உடம்பு சரியில்லை. அடுத்த வருச ஜனவரியிலை, 90 வயசிலை செத்துப் போனார்.

அவர் எழுதின சங்கீதம் எனக்கு இண்டைக்கும் தலைக்குள்ளை ஏறுதில்லை. ஆனா நகரத்தின்ரை மேற்குப் பக்கம் பணக்காரற்றை ஏரியாவுக்கை இருந்த இந்தக் கச்சேரி விசயத்தை, எங்களை மாதிரி வெளிநாட்டுச் சனம் இருக்கிற வடகிழக்கு மூலைக்கு இழுத்துக்கொண்டு வந்த வேலைக்கு நான் முழு மார்க்ஸ் போடுவன். மேற்கிலை இருந்த பழைய ரசிகர்மார் தூரம் தூரம் எண்டு புறுபுறுத்தவை. எங்களுக்குக் கிட்டத்தானே.

போற ஆக்களுக்கு: பெரிய கோரஸ் பாடுற நிகழ்ச்சி எண்டா பின்பக்கக் கதிரை கிடையாது, அங்கை பாடுற ஆக்கள் நிப்பினம். 28 வயசுக்குக் கீழை உள்ள பிள்ளையளுக்கு விலை குறைவு, ரிக்கெற் எடுக்கேக்கை பாருங்கோ. வெள்ளனவா போனா சித்தே பக்கத்து இசைக்கருவி மியூசியத்திலை இசையமைப்பாளர் சோபானின்ரை பியானோவும், பேர்போன பழைய இத்தாலிக்காரன் ஸ்ராடிவாரி செய்த வயலினுகளும் பார்க்கலாம். முதல்தரம் போறதெண்டா ஒர்கெஸ்ட்ர து பாரி எண்ட பாரிஸ் வாத்தியக்குழு வாசிக்கிற நாளாய்ப் பார்த்து எடுங்கோ, 2021இலையிருந்து கிளவுஸ் மாக்கெலா எண்ட பின்லாந்துப் பெடியன்தான் கொண்டக்டர், அவற்றை முகத்தைப் பின்னாலை இருந்து பார்க்க நல்லாயிருக்கும். சாப்பாட்டை லாச்சப்பலிலையே முடிச்சிட்டுப் போங்கோ.