ஷீவே, ஃபிர் ஸ்கொயர்: போதைப் பழக்கத்தில் சிக்கிய கர்ப்பிணிகளுக்காக வான்கூவரில் இயங்கும் இரு சேவைகள் பற்றிய மதிப்பீடு

கனடாவின் வான்கூவர் நகரில் டவுன்டவுன் ஈஸ்ட்சைட் என்று ஒரு பகுதி உண்டு. வறுமைக்கும் வீடற்ற வாழ்வுக்கும் தெருவோரப் போதைப்பொருள் விற்பனைக்கும் நாடு முழுவதும் பெயர் பெற்றுவிட்ட அப்பகுதியில், போதைப் பழக்கம் உள்ள கர்ப்பிணிகளுக்கும் கைக்குழந்தையோடு இருக்கும் தாய்மார்களுக்குமாக 1993இல் தொடங்கப்பட்ட சேவை மையம் ஷீவே. அவர்களுள் மருத்துவமனையில் தங்கிச் சிகிச்சை பெற வேண்டியவர்களுக்காக, பிரிட்டிஷ் கொலம்பியா மகளிர் மருத்துவமனையில் 2003இல் திறக்கப்பட்ட பிரிவு ஃபிர் ஸ்கொயர். மகப்பேறு செவிலியராகப் பல ஆண்டுகள் பணியாற்றியவள் என்ற முறையில், வெளியாகியுள்ள மதிப்பீட்டு அறிக்கைகளையும் மருத்துவ ஆய்வுகளையும் துணையாகக் கொண்டு இவ்விரண்டையும் சேர்த்தே இங்கு மதிப்பிடுகிறேன். ஒன்றில் தொடங்கும் பராமரிப்பு மற்றொன்றில் தொடர்வதால், தனித்தனியாகப் பேசினால் இரண்டின் அருமையும் புலப்படாது.

ஷீவேயின் சிறப்பு அதன் வாசலிலேயே தொடங்குகிறது. பழக்கத்தை விட்டுவிட்டு வா என்று அங்கே யாரும் நிபந்தனை விதிப்பதில்லை. மருத்துவரின் பரிந்துரைக் கடிதம் இல்லாமல், முன்பதிவும் இல்லாமல், பசியோடு ஒரு பெண் உள்ளே வரலாம். சூடான மதிய உணவு கிடைக்கும். சாப்பிட வந்தவள் சில நாள் கழித்துச் செவிலியரிடம் இரத்த அழுத்தம் பார்த்துக்கொள்கிறாள், பிறகு மருத்துவரையோ மருத்துவச்சியையோ சந்திக்கிறாள், அதன் பிறகே போதைப் பழக்கம் குறித்து ஆலோசகரிடம் வாய் திறக்கிறாள். சமூகப் பணியாளர், ஊட்டச்சத்து ஆலோசகர், குழந்தை வளர்ச்சியைக் கவனிப்பவர் ஆகிய அனைவரும் அதே கூரையின் கீழ் இருக்கிறார்கள். அதே கட்டடத்தில் ஒய்.டபிள்யூ.சி.ஏ. என்ற மகளிர் நல அமைப்பு நடத்தும் குடியிருப்புகளும் உள்ளன. கையில் பேருந்துக் கட்டணம்கூட இல்லாத ஒரு கர்ப்பிணியை ஒவ்வொரு தேவைக்கும் ஒவ்வோர் அலுவலகத்துக்கு அனுப்பினால், அவள் இரண்டாவது அலுவலகத்தோடு நின்றுவிடுவாள் என்பது மகப்பேறுப் பிரிவில் வேலை பார்த்த எவருக்கும் தெரியும்.

இந்த ஏற்பாடு பலன் தந்ததா என்று பார்க்க 2000ஆம் ஆண்டில் ஒரு மதிப்பீட்டு அறிக்கை வெளியிடப்பட்டது. ஷீவேயில் சேரும்போது 30 சதவீதப் பெண்கள் எந்த மருத்துவப் பராமரிப்பும் பெறாதவர்களாக இருந்தார்கள். பிரசவ நேரத்தில் 91 சதவீதத்தினர் ஒரு மருத்துவரோடோ மருத்துவச்சியோடோ தொடர்பில் இருந்தார்கள். சேரும்போது 79 சதவீதத்தினருக்கு ஊட்டச்சத்துக் குறை இருந்தது. குழந்தை பிறந்து ஆறு மாதத்தில் அது 4 சதவீதமாகக் குறைந்தது. எத்தனை பேர் போதையை முற்றிலும் விட்டார்கள் என்ற ஒரே அளவுகோலால் இத்தகைய சேவைகளை அளப்பவர்கள் இந்த எண்களைக் கவனிக்க வேண்டும். வயிற்றிலுள்ள குழந்தையின் எடையைப் போதைப்பொருளைப் போலவே பட்டினியும் புகையிலையும் குறைக்கின்றன. அதனால், பழக்கம் ஒரே நாளில் நிற்காவிட்டாலும், தாயின் உணவும் உறக்கமும் சீராகும்போதே குழந்தைக்கு நன்மை தொடங்கிவிடுகிறது.

இப்பெண்களை மருத்துவமனையிலிருந்து விலக்கி வைப்பது அவர்களுடைய அலட்சியம்தான் என்றே பலர் நினைக்கிறார்கள். உண்மையில் அவர்களை விலக்கி வைப்பது அச்சம்: உண்மையைச் சொன்னால் குழந்தையைப் பறித்துக்கொள்வார்கள் என்ற அச்சம். அமெரிக்காவின் தென் கரோலினா மாநிலத்தில், சார்ல்ஸ்டன் நகரின் பொது மருத்துவமனை ஒன்று 1989இல் காவல்துறையோடு கைகோத்து, கர்ப்பிணிகளின் சிறுநீரை அவர்களுடைய சம்மதமின்றிக் கொக்கெய்ன் பரிசோதனைக்கு உட்படுத்தி, முடிவுகளைக் காவலர்களிடம் கொடுத்தது. கைதானவர்களில் பெரும்பாலோர் ஏழைக் கறுப்பினப் பெண்கள். அது அரசியலமைப்புக்கு முரணானது என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 2001இல்தான் தீர்ப்பளித்தது. அதற்குப் பிறகும், 2014இல், டென்னசி மாநிலம் இத்தகைய தாய்மார்கள் மீது குற்ற வழக்குத் தொடுக்கச் சட்டம் இயற்றியது. அது 2016இல் காலாவதியாகும் வரை, பெண்கள் மருத்துவரைத் தவிர்ப்பதாகவே செய்திகள் வந்தன. நான் பணியாற்றிய ஒரு மருத்துவமனையில் வெற்றிலையோடு புகையிலை போடும் கர்ப்பிணிகள்கூட, வார்டில் எல்லோர் முன்னிலையிலும் கடிந்துகொள்ளப்பட்ட பிறகு, அடுத்த முறை கேட்டால் இல்லை என்றே சொன்னார்கள். புகையிலைக்கே இந்த நிலை என்றால், ஹெராயின் ஊசி போட்டுக்கொள்ளும் ஒருத்தி எப்படி வாய் திறப்பாள்?

சிகிச்சை முறையைப் பொறுத்தவரை நம் குடும்பங்களில் பரவலாக உள்ள ஒரு நம்பிக்கையை இங்கே மறுத்தாக வேண்டும். கர்ப்பம் தெரிந்த அன்றே எல்லாவற்றையும் நிறுத்திவிட வேண்டும் என்ற அறிவுரை, ஹெராயின் போன்ற ஓபியாய்டு வகைக்கு அடிமையானவர்கள் விஷயத்தில் ஆபத்தானது. திடீரென நிறுத்தினால் தாயின் உடல் படும் தவிப்பு கருவையும் பாதிக்கக்கூடும். அதைவிடக் கொடியது, சில வாரம் விட்டிருந்தவள் மறுபடியும் பழைய அளவிலேயே எடுத்து உயிரிழக்கும் அபாயம். ஆகவேதான் உலக சுகாதார நிறுவனம் 2014இல் வெளியிட்ட வழிகாட்டுதல், இவர்களுக்கு மருத்துவர் கண்காணிப்பில் ஹெராயினுக்கு மாற்றாக உடலின் தவிப்பைத் தணிக்கும் மெத்தடோன் அல்லது புப்ரெனார்பின் மருந்தைத் தொடர்ந்து கொடுப்பதையே பரிந்துரைக்கிறது. மதுவையும் சில தூக்க மாத்திரைகளையும் நிறுத்துவதற்குக்கூட மருத்துவத் துணை தேவை. இரு மருந்துகளையும் ஒப்பிட்ட பன்னாட்டு ஆய்வு 2010இல் வெளிவந்தது. புப்ரெனார்பின் எடுத்த தாய்மார்களின் குழந்தைகள் சராசரியாக 10 நாள்களும் மெத்தடோன் எடுத்தவர்களின் குழந்தைகள் 17.5 நாள்களும் மருத்துவமனையில் இருக்க நேர்ந்தது. ஆனால் புப்ரெனார்பின் பிரிவில் பாதியிலேயே விலகிய பெண்கள் அதிகம். எந்த மருந்து அவளுக்குப் பொருந்துகிறதோ, எதற்காக அவள் மறுநாளும் வருகிறாளோ, அதுவே அவளுக்குச் சரியான மருந்து. இதை ஒவ்வொருவருக்கும் தனித்தனியே முடிவு செய்ய, அவளை ஏற்கெனவே அறிந்த மருத்துவர் வேண்டும். ஷீவே போன்ற இடத்தில்தான் அந்த அறிமுகம் வாய்க்கிறது.

ஃபிர் ஸ்கொயரைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன், ஏனெனில் மகப்பேறு மருத்துவம் நெடுங்காலம் தவறாகச் செய்துவந்த ஒன்றை அது திருத்திக் காட்டியது. தாய் ஓபியாய்டு எடுத்திருந்தால், நஞ்சுக்கொடி வழியாக வந்துகொண்டிருந்தது பிறப்போடு நின்றுவிடுவதால், குழந்தைக்கு முதல் சில நாள்களில் நடுக்கமும் வீறிட்ட அழுகையும் பால் குடிக்க முடியாத நிலையும் வரலாம். இந்த அறிகுறிகளுக்கு மதிப்பெண் போட்டு, ஓர் எல்லையைத் தாண்டினால் மருந்து கொடுக்கும் முறையை அமெரிக்க மருத்துவர் லொரெட்டா ஃபின்னெகன் 1975இல் வகுத்தார். முறை பயனுள்ளதே. ஆனால் அதைப் பின்பற்றிய மருத்துவமனைகள் பலவற்றில் குழந்தை தாயிடமிருந்து பிரிக்கப்பட்டு, வெளிச்சமும் இயந்திர ஓசையும் ஓயாத தீவிர சிகிச்சைப் பிரிவில் வைக்கப்பட்டது. நடுங்கும் குழந்தைக்கு வேண்டியது இருட்டும் அமைதியும் அம்மாவின் நெஞ்சுச் சூடும். ஃபிர் ஸ்கொயரில் தாயும் சேயும் ஒரே அறையில் இருக்கிறார்கள். பிரசவத்துக்கு முன்பே வந்து தங்கி மருந்தின் அளவைச் சீராக்கிக்கொள்ளவும் அங்கு வழி உண்டு. தாயையும் சேயையும் ஒரே பிரிவில் வைத்து இவ்வாறு பராமரிக்கும் முதல் பிரிவாகக் கனடாவில் அது அமைந்தது.

அங்கு பணியாற்றிய மருத்துவர் ரான் ஆப்ரஹாம்ஸும் உடன் பணிபுரிந்தோரும் 2007இல் வெளியிட்ட ஆய்வு, தாயுடன் ஒரே அறையில் வைக்கப்பட்ட குழந்தைகளுக்கு மருந்து தேவைப்படுவது குறைந்ததையும், தாயின் பொறுப்பிலேயே வீடு திரும்பிய குழந்தைகள் அதிகமானதையும் காட்டியது. சிறிய ஆய்வுதான், முந்தைய காலத்துக் குழந்தைகளோடு ஒப்பிட்ட ஆய்வு என்பதால் குறை சொல்ல இடம் உண்டு. ஆனால் பின்னர் அமெரிக்காவின் 26 மருத்துவமனைகளில் 1,305 குழந்தைகளைக் கொண்டு நடந்து 2023இல் வெளியான பெரிய ஆய்வு இதே திசையில்தான் போயிற்று. குழந்தை பால் குடிக்கிறதா, உறங்குகிறதா, அழுதால் தேற்ற முடிகிறதா என்ற மூன்றை மட்டும் பார்த்து முடிவெடுக்கும் முறையில், குழந்தைகள் வீடு செல்லத் தகுதி பெற 8.2 நாள்களே ஆயின. வழக்கமான முறையில் 14.9 நாள்கள். மதிப்பெண் தாளைக் கையில் வைத்துக்கொண்டு தொட்டிலருகே நின்ற எங்களைப் போன்றோருக்கு இது எளிதில் கடந்துபோகக்கூடிய செய்தி அல்ல. மெத்தடோனைச் சீராக எடுத்துவரும் தாய், வேறு தடையில்லாதபோது, தாய்ப்பால் கொடுக்கலாம் என்பதையும், மருந்தில் மிகச் சிறிதளவே பாலில் கலக்கிறது என்பதையும் இன்னமும் அறியாத மருத்துவர்கள் இருக்கிறார்கள் என்பது வருத்தத்துக்குரியது.

குறைகளும் உண்டு. ஷீவேயை நடத்தும் கூட்டில் சுகாதார ஆணையமும் பூர்வகுடி மக்களுக்கான சுகாதார அமைப்பும் ஒய்.டபிள்யூ.சி.ஏ.வும் இருப்பதோடு, மாகாணத்தின் குழந்தைகள் நல அமைச்சகமும் இருந்துவந்துள்ளது. குழந்தையைப் பிரிக்கும் அதிகாரம் அந்த அமைச்சகத்துக்கு உண்டு. அதன் பணியாளர் பிரசவத்துக்கு முன்பே தாயோடு பேசி, குழந்தை அவளிடமே இருப்பதற்கு என்ன செய்யலாம் என்று சேர்ந்து திட்டமிடுவது நல்லதே. எனினும், பூர்வகுடிப் பிள்ளைகளைக் குடும்பத்திலிருந்து பிரித்து அடைத்துவைத்த அரசின் உறைவிடப் பள்ளிகளுக்குப் பிள்ளைகளைப் பறிகொடுத்த தலைமுறைகளின் பேத்தியாக ஒரு பூர்வகுடிப் பெண் அந்த வாசலுக்கு வரும்போது, உதவுகிறவர் யார், கண்காணிக்கிறவர் யார் என்று அவளுக்கு எப்படித் தெரியும்? ஒரு கர்ப்பிணியைப் பற்றி அவளுக்கே தெரியாமல் மருத்துவமனைக்கு முன்னறிவிப்பு அனுப்பிவைக்கும் ‘பிறப்பு எச்சரிக்கை’ நடைமுறையை பிரிட்டிஷ் கொலம்பியா அரசு 2019 செப்டம்பரில்தான் கைவிட்டது. அதுவரை ஷீவேயின் பணியாளர்கள் ஈட்டிய நம்பிக்கை ஒரு பக்கம் இருக்க, அதே அரசின் மற்றொரு கை அதைக் குலைத்துக்கொண்டிருந்தது என்றே சொல்ல வேண்டும்.

ஃபிர் ஸ்கொயரில் இருப்பவை பத்துப் பன்னிரண்டு படுக்கைகளே. வடக்கே தொலைதூர ஊர்களில் வாழும் பெண் தன் மற்ற பிள்ளைகளை விட்டுவிட்டு வான்கூவருக்கு வர வேண்டியிருக்கிறது. ஷீவே இருக்கும் இடமும் இரு முனைக் கத்திதான். தேவைப்படுகிறவர்களுக்கு நடந்து வரும் தூரத்தில் இருப்பது நன்மை. போதைப்பொருள் விற்கும் தெருவைக் கடந்தே மருந்து வாங்க வர வேண்டியிருப்பது கொடுமை. அதிலும் ஹெராயினைவிடப் பல மடங்கு வீரியமுள்ள ஃபென்டனில் என்ற ஓபியாய்டு கலந்த சரக்கு பரவி, 2016 ஏப்ரலில் மாகாண அரசு பொது சுகாதார அவசர நிலையை அறிவித்த பிறகு, தடுமாறி ஒருமுறை எடுத்தாலே உயிர் போகலாம் என்ற நிலை வந்துவிட்டது.

ஷீவேயின் பராமரிப்பு, குழந்தைக்கு 18 மாதம் ஆகும் வரை தொடர்கிறது. பல நாடுகளில் பிரசவத்துக்குப் பின் ஆறு வாரத்தோடு தாயின் மீதான கவனம் முடிந்துவிடுவதோடு ஒப்பிட்டால் இது பெரிய பேறு. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் நடந்து 2018இல் வெளியான ஆய்வில், போதைப்பொருள் அளவு மீறி ஆபத்தில் சிக்குவது கர்ப்பத்தின் கடைசி மூன்று மாதங்களில் மிகக் குறைவாகவும், பிரசவத்துக்குப் பின் 7 முதல் 12 மாதங்களில் மிக அதிகமாகவும் இருந்தது. கர்ப்பத்தில் எல்லோரும் அவளைச் சூழ்ந்து நிற்கிறார்கள். குழந்தை பிறந்ததும் ஒவ்வொருவராக விலகுகிறார்கள். ஆதலால் 18 மாதம் என்ற வரம்பு சரியான இடத்தைத் தாண்டியே நிற்கிறது. ஆனால் அந்த நாள் வந்ததும் அவளை யாரிடம் ஒப்படைப்பது என்பதற்கு, அதே அளவு பரிவுள்ள அடுத்த இடம் ஒன்று வேண்டும். குழந்தை நடக்கத் தொடங்கிய பின் தாயையும் சேயையும் சேர்த்தே ஏற்கும் குடியிருப்புகளும் சிகிச்சை மையங்களும் தேவைக்குப் போதாத நிலையில், இன்னும் தடுமாறிக்கொண்டிருக்கும் ஒருத்திக்கு அந்த வரம்பைத் தளர்த்தும் உரிமையை அவளை அறிந்த பணியாளரிடமே விட்டுவிடுவது நல்லது என்பது என் கருத்து. வான்கூவரில் உங்களுக்குத் தெரிந்த பெண் எவரேனும் இந்த நிலையில் இருந்தால், குடும்பத்தினர் சம்மதிக்கும் வரையிலோ, அவர் பழக்கத்தை விடும் வரையிலோ காத்திருக்க வேண்டாம்; அவரே நேரில் சென்று ஷீவேயில் சேர்ந்துகொள்ளலாம்.