மறுமதிப்பீடு இழுத்துக்கொண்டே போகிறதா? யாரிடம் போவது?

மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டி மூன்று மாதம் ஆகிவிட்டது. அடுத்த செமஸ்டர் ஹால் டிக்கெட்கூட வந்துவிட்டது, முடிவு மட்டும் வரவில்லை. "கன்ஸ்யூமர் கோர்ட்டுக்குப் போ" என்று யாராவது ஒரு மாமா கட்டாயம் சொல்வார். போகாதீர்கள். தேர்வு நடத்துவது சேவை அல்ல, மாணவர் நுகர்வோரும் அல்ல என்று பீகார் பள்ளித் தேர்வு வாரிய வழக்கில் 2009லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அரசுப் பல்கலைக்கழக மாணவருக்கு மிச்சம் இருப்பது மூன்று வழி. செலவே இல்லாதது, யுஜிசியின் (பல்கலைக்கழக மானியக் குழு) 2023 விதிமுறைப்படி அமைந்த மாணவர் குறைதீர்ப்புக் குழு. புகார் கையில் கிடைத்த 15 வேலை நாளில் குழு அறிக்கை தர வேண்டும். திருப்தி இல்லையென்றால் 15 நாளுக்குள் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு. அவருக்கு 30 நாள். இதில் ஒரு கண்ணி இருக்கிறது. குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ காட்டாத மறுமதிப்பீட்டுக் கோரிக்கையைக் குறைதீர்ப்பாளர் ஏற்கவே கூடாது என்கிறது விதி. ஆனால் முடிவு வெளியிடுவதில் தாமதம் என்பது அதே விதியில் குறையாகவே பட்டியலிடப்பட்டிருக்கிறது. எனவே மனுவில் "மார்க் குறைந்துவிட்டது" என்று ஒரு வரிகூட வேண்டாம். தேதிகளை மட்டும் எழுதுங்கள்.

இரண்டாவது வழி ஆர்டிஐ, அதாவது தகவல் அறியும் உரிமைச் சட்டம். அது யாருக்கும் உத்தரவு போடாது, ஆனால் சாட்சியம் தரும். கட்டணம் 10 ரூபாய், பதிலுக்கு 30 நாள். "முடிவு எப்போது வரும்?" என்று கேட்டால் அது தகவல் இல்லை என்று தள்ளிவிடுவார்கள். இப்படிக் கேளுங்கள்: என் விடைத்தாள் மறுமதிப்பீட்டாளருக்கு எந்தத் தேதியில் அனுப்பப்பட்டது, எந்தத் தேதியில் திரும்பியது, கோப்பு இன்று எந்தப் பிரிவில் இருக்கிறது, அதன் குறிப்புப் பக்கங்களின் நகல். திருத்திய விடைத்தாளையும் பார்க்கலாம். ஆதித்ய பந்தோபாத்யாய் வழக்கில் 2011ல் உச்ச நீதிமன்றம் தந்த உரிமை அது.

மூன்றாவது வழி, உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் ரிட் (அதிகாரிக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடுவது. அதுதான் கூர்மையான ஆயுதம், செலவும் அதற்குத்தான் அதிகம். விதியில் இடமில்லாமல் மறுமதிப்பீட்டை உரிமையாகக் கேட்க முடியாது என்று 1984லேயே உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்துவிட்டது. மதிப்பெண்ணுக்குள் நீதிபதிகள் எளிதில் நுழைய மாட்டார்கள். தாமதம் வேறு கதை. பணம் வாங்கிக்கொண்டு முடிவைச் சொல்லாமல் இருக்கிறார்கள், இத்தனை வாரத்துக்குள் சொல்லச் சொல்லுங்கள் என்பது நீதிமன்றம் கேட்கக்கூடிய கோரிக்கை. பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. இது பலருக்குத் தெரிவதே இல்லை.

என்னைக் கேட்டால், குறைதீர்ப்பு மனுவையும் ஆர்டிஐயையும் ஒரே நாளில் போட்டுவிடலாம். ரிட் எல்லோருக்கும் தேவைப்படாது. வேலையில் சேரும் தேதியோ முதுகலை அட்மிஷனோ நெருங்கினால் மட்டும், 30 நாள் முடியட்டும் என்று உட்கார்ந்திருக்காமல் வக்கீலைப் பாருங்கள். அதற்கு முன் பதிவாளருக்கும் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கும் ஸ்பீட் போஸ்டில் ஒரு மனு போயிருக்க வேண்டும். அது போய்ச் சேர்ந்ததற்கான ஒப்புகை எங்கே என்றுதான் வக்கீல் முதலில் கேட்பார்.