பழைய பைக்குக்குத் தேர்ட் பார்ட்டி போதுமா, ஃபுல் இன்சூரன்ஸ் வேண்டுமா?

மன்னார்குடி, திருவாரூர் பக்கம் பைக் இன்சூரன்ஸ் புதுப்பிக்கப் போனால் ஏஜென்ட் முதலில் கேட்பது, “பழைய வண்டிதானேண்ணே, தேர்ட் பார்ட்டியே போட்டுடுவோமா?” நம் வண்டியால் மற்றவருக்கு ஏற்படும் பாதிப்புக்கு மட்டுமானது தேர்ட் பார்ட்டி; நம் வண்டிக்கும் சேர்த்துப் போடுவது ஃபுல். பெரும்பாலோர் சரி என்றுவிடுகிறார்கள். என் 125 சிசி வண்டிக்கு இந்த முறையும் ஃபுல்தான் போட்டேன். விற்றால் பெரிதாக ஒன்றும் தேறாத வண்டிதான். ஆனால் பின்னால் உட்காருவது அம்மா.

பணக் கணக்கைச் சட்டென்று முடித்துவிடலாம். 75 முதல் 150 சிசி வரை தேர்ட் பார்ட்டி பிரீமியம் 2022இல் நிர்ணயித்தபடி ஆண்டுக்கு 714 ரூபாய், வரி தனி. எக்ஸ்எல் 100க்கும் அதேதான். பழைய வண்டிக்கு ஃபுல் போட, அதன் மதிப்பைப் பொறுத்து இன்னும் சில நூறு ஆகும். திருட்டு, வெள்ளம், வண்டிச் சேதம் ஃபுல்லில் மட்டும்தான் வரும் என்பது தெரிந்த கதை.

பலர் கவனிக்காதது பின்சீட்டு விஷயம். பஸ்ஸோ லாரியோ தன் தவறால் நம் மேல் மோதினால் பிரச்சினை குறைவு: பின்னால் இருப்பவர் அந்த வண்டிக்கு மூன்றாம் நபர், அதன் இன்சூரன்ஸிடம் இழப்பீடு கேட்கலாம். நம் பாலிசி எதுவானாலும் அதில் வித்தியாசம் இல்லை. ஆனால் இங்கே எல்லா விபத்தும் அப்படியா நடக்கிறது? சம்பா அறுவடை முடிந்து தை, மாசியில் ரோட்டில் பாதியை நெல் அடைத்துக்கொண்டு காயும். நெல் மேல் வண்டி ஏறாமல் இருக்க ஓரத்தில் கல் வேறு வைத்திருப்பார்கள். வேகமாகப் போய் அதில் சறுக்கினால் எதிர் வண்டியே கிடையாது. தவறு ஓட்டியவர் தலையில். ஒருபக்கமாக உட்கார்ந்து வந்த அம்மாவுக்கு இடுப்பெலும்பு முறிந்தால் யார் கொடுப்பது?

தேர்ட் பார்ட்டி மட்டும் என்றால் இன்சூரன்ஸ் கம்பெனி கைவிரித்துவிடலாம். சட்டம் கட்டாயமாக்கும் அந்த பாலிசி பின்சீட்டில் சும்மா ஏறி வந்தவரைக் காப்பதில்லை என்று உச்ச நீதிமன்றம் 2006இலேயே சொல்லிவிட்டது. பிறகு விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம் போடும் தொகை வண்டி உரிமையாளர் தலையில்தான் விழும். ஏற்றி வந்தது பக்கத்து வீட்டுக்காரரை என்றால் யோசித்துப் பாருங்கள். பேக்கேஜ் பாலிசி, அதாவது நாம் ஃபுல் என்பது, பின்சீட்டுக்காரரையும் காக்கும் என்று இன்சூரன்ஸ் ஒழுங்குமுறை ஆணையம் 2009 நவம்பரில் சுற்றறிக்கை விட்டது. 2012இல் உச்ச நீதிமன்றமும் பேக்கேஜுக்கும் சட்டப்படியான பாலிசிக்கும் உள்ள இந்த வித்தியாசத்தை உறுதி செய்தது. அந்தச் சில நூறு ரூபாயை நான் இதற்குத்தான் கட்டுகிறேன். தீர்ப்பாயம் வரை போன அனுபவம் எனக்கில்லை. படித்ததை வைத்துச் சொல்கிறேன்.

‘15 லட்சம் கவர் இருக்கே’ என்பார்கள். பாலிசியோடு எடுக்கும் அந்த விபத்துக் காப்பு, உரிமையாளர் தானே ஓட்டும்போது அவருக்கு மட்டும். ஆர்சி சிங்கப்பூரில் இருக்கும் அண்ணன் பெயரில், ஓட்டுவது தம்பி என்றால் தம்பிக்கே அது கிடைக்காது.

புது வண்டிக்காரர்களுக்கு ஒரு விஷயம். ஷோரூமில் கொடுப்பது ‘அஞ்சு வருஷ இன்சூரன்ஸ்’ என்று நினைத்திருப்பீர்கள். பெரும்பாலும் அதில் ஐந்து வருஷம் தேர்ட் பார்ட்டிக்குத்தான். வண்டிச் சேதத்துக்கு முதல் வருஷம் மட்டும். இரண்டாம் வருஷம் தனியாக எடுக்கும் ஓன் டேமேஜ் பாலிசியும் வண்டிக்கானது. இந்தத் தேர்ட் பார்ட்டியும் ஓன் டேமேஜும் சேர்ந்தால் பின்சீட்டையும் காக்கும் பேக்கேஜ் ஆகிவிடும் என்று நம்பி நான் சும்மா இருக்க மாட்டேன். அந்த நிலையில் இருப்பவர்கள் பின்சீட்டுக்கான விபத்துக் காப்பு ஆட்-ஆனைக் கேட்டுப் போடுங்கள். தொகை சிறியது, ஆனால் யார் தவறு என்ற கேள்வி வராது.

எதைப் போட்டாலும், அடிக்கடி பின்னால் ஏறுபவர் 70 வயதுக்குள் இருந்தால் பேங்கில் பிரதமர் சுரக்ஷா பீமாவில் சேர்த்துவிடுங்கள். வருஷம் 20 ரூபாய்; விபத்தில் இறந்தாலோ முழு நிரந்தர ஊனம் ஏற்பட்டாலோ 2 லட்சம். ஜூன் 1 முதல் மே 31 வரை செல்லும் என்பதால் மே கடைசியில் கணக்கில் அந்த 20 ரூபாய் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.