எந்தக் கரமசோவ்? ருஷ்ய நாவல்களின் மூன்று ஆங்கிலங்கள்

தஸ்தயெவ்ஸ்கியையும் டால்ஸ்டாயையும் எந்த ஆங்கிலத்தில் படிப்பது என்ற வழக்கு இன்னும் தீர்ந்தபாடில்லை. ஒரு தரப்பில், நூறாண்டுக்கு முன் கிட்டத்தட்ட எழுபது தொகுதிகளை மொழிபெயர்த்துக் குவித்த கான்ஸ்டன்ஸ் கார்னெட். இரண்டாவது, டால்ஸ்டாயுடன் நேரில் பழகிய லூயிஸ் - எயில்மர் மாட் தம்பதி. மூன்றாவது, 1990-ல் களமிறங்கிப் பழையவர்களைப் பின் அலமாரிக்குத் தள்ளிய ரிச்சர்ட் பீவியர் - லாரிசா வொலகோன்ஸ்கி தம்பதி. இவர்களை ஒப்பிட்டு ஆங்கிலத்தில் எழுதியிருப்பவர்கள் ஆங்கிலத்தைத் தாய்ப்பாலோடு குடித்தவர்களுக்காக எழுதுகிறார்கள். பள்ளியில் படித்த ஆங்கிலத்தைக் கொண்டு ருஷ்யாவுக்குள் நுழைகிற நமக்குக் கணக்கு கொஞ்சம் மாறுகிறது.

கார்னெட்டிலிருந்து தொடங்குவதுதான் முறை. கேம்பிரிட்ஜில் கிரேக்கமும் லத்தீனும் படித்தவர். 1891-ல் கருவுற்றிருந்த காலத்தில், லண்டனில் தஞ்சம் புகுந்திருந்த ருஷ்யப் புரட்சிக்காரர் ஒருவரிடம் மொழியைக் கற்கத் தொடங்கினார். 1894-ல் ருஷ்யா சென்று டால்ஸ்டாயைப் பார்த்தார். முதலில் துர்கனேவ், பிறகு டால்ஸ்டாய், 1912 முதல் தஸ்தயெவ்ஸ்கி, அதற்கும் பிறகு செகாவ் என்று ஒரு முழு இலக்கியத்தையே இங்கிலாந்தில் இறக்குமதி செய்தார். டால்ஸ்டாயின் 'போரும் அமைதியும்' முடிந்தபோது கண்பார்வை கெட்டுவிட்டது. அதன்பின் ஒருவர் ருஷ்ய மூலத்தை வாசிக்க, காதால் கேட்டு ஆங்கிலம் சொன்னார். தோட்டத்தில் உட்கார்ந்து நிமிராமல் எழுதி, முடித்த தாள்களைத் தரையில் அடுக்கிக்கொண்டே போவார் என்று டி. எச். லாரன்ஸ் நினைவுகூர்ந்திருக்கிறார்.

அந்த வேகத்தைத்தான் அவருக்கு எதிரான முதல் சாட்சியாகக் கூண்டில் ஏற்றுகிறார்கள். புரியாத இடங்களைத் தாண்டிப் போய்விட்டார், எல்லாரையும் விக்டோரியா காலத்துச் சீமாட்டியின் நடையில் பேசவைத்துவிட்டார் என்பது புகார். ருஷ்யாவில் பிறந்த நாவலாசிரியர் நபக்கோவுக்கு அவர் பெயரைக் கேட்டாலே ஆகாது. ருஷ்யக் கவிஞர் பிராட்ஸ்கி இன்னும் ஒருபடி மேலே போனார்: ஆங்கில வாசகர்களுக்கு டால்ஸ்டாய்க்கும் தஸ்தயெவ்ஸ்கிக்கும் வித்தியாசம் தெரியாததற்குக் காரணம், அவர்கள் இருவரையும் படிக்காமல் கார்னெட்டைப் படிப்பதுதான் என்றார்.

இந்தப் புகாரைச் சோதிக்க நாவல் முழுவதையும் புரட்ட வேண்டியதில்லை. தஸ்தயெவ்ஸ்கியின் 'கரமசோவ் சகோதரர்கள்' முதல் அத்தியாயத்தின் முதல் வாக்கியம் போதும். அலெக்ஸேய், இன்னார் மகன், அவன் தந்தை எங்கள் மாவட்டத்து நிலக்கிழார், சரியாகப் பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் நேர்ந்த இருண்ட சாவினால் பேர்போனவர் என்று கதைசொல்லி ஆரம்பிக்கிறார். நடுவில் அடைப்புக்குறி போட்டு, 'இன்றைக்கும் எங்களிடையே அவரை நினைப்பவர்கள் உண்டு' என்று ஒரு செருகல். கார்னெட்டின் ஆங்கிலத்தில் அந்த அடைப்புக்குறி போய்விட்டது, 'சரியாக' என்ற சொல்லும் போய்விட்டது. அடுத்த நீள வாக்கியத்தை நடுவில் முற்றுப்புள்ளி வைத்து இரண்டாக்கிவிட்டார். படிக்கச் சுகமாக இருக்கிறது, பொருளிலும் பெரிய பழுதில்லை. ஆனால் கதை சொல்பவர் யார் என்பது மங்கிவிட்டது. மூலத்தில் அவர் ஊர்ப் பெரிய மனிதர்களின் குடும்பச் சங்கதிகளை எல்லாம் விரல்நுனியில் வைத்துக்கொண்டு, 'அதாவது' போட்டு இழுத்து இழுத்துப் பேசுகிற திண்ணைக் கிழவர் மாதிரி. செத்துப்போன ஆண்டைச் 'சரியாக' என்று அழுத்திச் சொல்வதில் அவருக்கு ஒரு தனி நிறைவு. கார்னெட் அவரைத் திருத்தமாகப் பேசும் படித்தவராக்கிவிட்டார். பீவியர் தம்பதியின் பதிப்பில் அடைப்புக்குறியும் இருக்கிறது, 'சரியாக'வும் இருக்கிறது.

அப்படியானால் தீர்ப்பு எழுதிவிடலாமே என்றால், அவசரப்பட முடியாது. 1912-ல் கார்னெட் கொண்டுவரும்வரை 'கரமசோவ் சகோதரர்கள்' ஆங்கிலத்தில் முழுமையாக இல்லவே இல்லை. அதற்கு முன் தஸ்தயெவ்ஸ்கியில் ஆர்வம் கொண்ட ஆங்கிலேயர் பலரும் பிரெஞ்சில் படித்தார்கள். அவர் கொடுத்த ஆங்கிலத்தைப் படித்துத்தான் ஒரு தலைமுறை எழுதப் பழகியது. செகாவின் பாதையில் நடந்த சிறுகதையாளர் கேத்தரின் மேன்ஸ்ஃபீல்டு, இளைய தலைமுறை கார்னெட்டுக்குப் பட்டிருக்கும் கடனைச் சொல்லி அவருக்குக் கடிதம் எழுதினார். 'போரும் அமைதியும்' நாவலைக் கார்னெட் பதிப்பு கையில் கிடைக்கும்வரை தன்னால் படித்து முடிக்கவே முடியவில்லை என்று ஹெமிங்வே தன் பாரிஸ் நினைவுகளில் பதிவு செய்திருக்கிறார். ஹெமிங்வேயின் வெட்டு வெட்டான வாக்கியங்களுக்குக் கார்னெட்தான் காரணம் என்று நான் சாதிக்க வரவில்லை. ஆனால் இருபதாம் நூற்றாண்டு ஆங்கிலப் புனைகதையில் ருஷ்ய வாசனை எங்கெல்லாம் அடிக்கிறதோ, அங்கெல்லாம் பெரும்பாலும் அவருடைய மை இருக்கிறது.

அந்த வரலாற்றின் ஒரு கிளை நம் பக்கமும் வருகிறது. டால்ஸ்டாயின் 'கடவுளின் இராஜ்யம் உங்களுக்குள்ளே' நூலுக்கு 1894-ல் வந்த ஆங்கில மொழிபெயர்ப்புகளில் ஒன்று கார்னெட்டுடையது. அந்த நூலைத் தென்னாப்பிரிக்காவில் ஆங்கிலத்தில் படித்துத்தான் காந்தி ஆடிப்போனார். 1910-ல் ஜோகன்னஸ்பர்க் அருகே அவர் தொடங்கிய டால்ஸ்டாய் பண்ணையில் சத்தியாகிரகத் தமிழ்க் குடும்பங்களும் தங்கியிருந்தன. ஒரு ருஷ்யப் பிரபுவின் சிந்தனை அந்தத் தமிழர்களின் அன்றாடத்துக்குள் நுழைந்த வழி ஆங்கில மொழிபெயர்ப்புதான்.

மாட் தம்பதியின் கதையில் இவ்வளவு சண்டை இல்லை. லூயிஸ் மாஸ்கோவிலேயே பிறந்த ஆங்கிலேயப் பெண். எயில்மர் அங்கே வியாபாரம் பார்த்தவர். இருவரும் டால்ஸ்டாய் வீட்டுக்குப் போய்வரும் உரிமை பெற்றவர்கள். மொழியறிவிலும் பொருளை ஊடுருவிப் பார்ப்பதிலும் இவர்களைவிட நல்ல மொழிபெயர்ப்பாளர்களைப் படைக்க முடியாது என்ற பொருளில் டால்ஸ்டாயே சான்று கொடுத்தார். அவர்களுடைய 'அன்னா கரீனினா' 1918-லும், 'போரும் அமைதியும்' 1922-23-லும் வந்தன. நடையில் பகட்டு கிடையாது. பெரிய போர்க்களக் காட்சியிலும் வாக்கியம் தடுமாறாது. தஸ்தயெவ்ஸ்கி பக்கம் அவர்கள் போகவில்லை. போயிருந்தாலும் அந்த நிதானம் அங்கே எடுபட்டிருக்காது.

டால்ஸ்டாய் விஷயத்தில் வாசகரை உடனே தொடும் வேறுபாடு பிரெஞ்சுதான். 'போரும் அமைதியும்' பீட்டர்ஸ்பர்க் மேட்டுக்குடி வீட்டு விருந்தில், பிரெஞ்சு உரையாடலோடு தொடங்குகிறது. கார்னெட்டும் மாட் தம்பதியும் அதைப் பெரும்பாலும் ஆங்கிலமாக்கிவிட்டார்கள். பீவியர் தம்பதி 2007 பதிப்பில் பிரெஞ்சை அப்படியே விட்டு, பொருளை அடிக்குறிப்பில் தந்தார்கள். மூலத்துக்கு விசுவாசம் என்றால் அதுதான் சரி என்று தோன்றும். ஆனால் 1873-ல் வந்த பதிப்பில் டால்ஸ்டாயே அந்தப் பிரெஞ்சை எடுத்துவிட்டு ருஷ்ய மொழியில் போட்டார். பின்னால் வந்த பதிப்புகளில்தான் பிரெஞ்சு திரும்பியது. எந்த டால்ஸ்டாய்க்கு விசுவாசமாக இருப்பது? மேட்டுக்குடி தன் நாட்டு மொழியை விட்டு அந்நிய மொழியில் அளவளாவுவதன் அபத்தம் நமக்கு விளக்கிச் சொல்லத் தேவையில்லாத ஒன்று. அந்த அளவுக்குப் பிரெஞ்சை வைத்திருப்பது நமக்கு லாபம். ஆயினும் முதல் பத்துப் பக்கங்களில் கண் மேலும் கீழும் ஏறி இறங்கியே களைத்துப் புத்தகத்தை மூடுபவர்கள் உண்டு. மாட் மொழிபெயர்ப்பைத் திருத்தி ஆக்ஸ்ஃபோர்டு 2010-ல் கொண்டுவந்த பதிப்பிலும் பிரெஞ்சு திரும்பிவிட்டது. ஆகவே மாட் என்ற பெயரை மட்டும் பார்த்து வாங்கினால் போதாது, ஆண்டையும் பார்க்க வேண்டும்.

இனி பீவியர் தம்பதி. எண்பதுகளில் ரிச்சர்ட் 'கரமசோவ்' நாவலை டேவிட் மகர்ஷாக்கின் ஆங்கிலத்தில் படித்துக்கொண்டிருக்க, லெனின்கிராடுக்காரரான லாரிசா தோளுக்கு மேலே எட்டிப் பார்த்து, மூலத்திலுள்ள வேடிக்கை எல்லாம் எங்கே போயிற்று என்று கேட்டதில் ஆரம்பித்ததாம் எல்லாம். லாரிசா வரிக்கு வரி நேர்ப்பெயர்ப்பும் குறிப்பும் எழுதித் தருவார், ரிச்சர்ட் அதை ஆங்கிலமாக்குவார், பிறகு இருவரும் சேர்ந்து திருத்துவார்கள். 'கரமசோவ்' எழுத்தாளர்களின் பென் அமைப்பு தரும் மொழிபெயர்ப்புப் பரிசை வாங்கியது. 2004-ல் அமெரிக்கத் தொலைக்காட்சிப் பிரபலம் ஓப்ரா வின்ஃப்ரி தன் வாசகர் வட்டத்துக்கு இவர்களது 'அன்னா கரீனினா'வைப் பரிந்துரைத்ததும் லட்சக்கணக்கில் அச்சடிக்க வேண்டியதாயிற்று. பிறகு எதிர்ப்பும் வந்தது. 2010-ல் ருஷ்ய இலக்கியப் பேராசிரியர் கேரி சால் மார்சன், இவர்கள் சொல்லைப் பிடித்துக்கொண்டு தொனியைக் கோட்டைவிட்டவர்கள் என்று கடுமையாக எழுதினார்.

எனக்கு உறுத்துவது அவர் சொல்லாத ஒன்று. பீவியர் பதிப்பில் ஒரு வாக்கியம் கோணலாக வந்து நின்றால், லண்டன் வாசகர் அதைத் தஸ்தயெவ்ஸ்கியின் கோணல் என்றோ மொழிபெயர்ப்பாளரின் கோணல் என்றோ காதாலேயே பிரித்துவிடுவார். நாம் முதலில் சந்தேகப்படுவது நம் ஆங்கிலத்தை. அகராதியை எடுக்கிறோம், வாக்கியத்தைத் திரும்பப் படிக்கிறோம், 'கனமான நாவல்' என்று முடிவுகட்டுகிறோம். தஸ்தயெவ்ஸ்கி என்றாலே நெற்றியைச் சுருக்க வேண்டும் என்ற எண்ணம் இங்கே பரவியதில் இதற்கும் பங்குண்டு என்பது என் கணிப்பு. மனிதர் பல இடங்களில் வயிறு குலுங்கச் சிரிக்கவைப்பவர்.

தமிழுக்கு ருஷ்ய இலக்கியம் வந்த பாதையையும் இங்கே நினைக்க வேண்டும். புதுமைப்பித்தன் தலைமுறை ருஷ்யர்களை ஆங்கிலத்தின் வழியாகவே அறிந்தது. மாஸ்கோவிலிருந்து பூ. சோமசுந்தரம் போன்றவர்கள் நேரடியாக ருஷ்ய மொழியிலிருந்து மொழிபெயர்க்கத் தொடங்கியது பிற்பாடுதான்.

என் தேர்வு இது. ஒரே மொழிபெயர்ப்பாளரைப் பிடித்துக்கொள்ளாமல் ஆசிரியருக்கு ஆசிரியர் ஆளை மாற்ற வேண்டும். டால்ஸ்டாய்க்கு மாட், சந்தேகமே வேண்டாம். 'கரமசோவ்' நாவலுக்குப் பீவியர், ஏனென்றால் அந்தக் கோணல்தான் அங்கே கதைசொல்லி. ஆனால் முதல் நூறு பக்கங்களுக்குப் பொறுமை வேண்டும். பொறுமை இல்லாதவர் கார்னெட்டில் ஆரம்பித்தால் குடிமுழுகிப் போகாது. கார்னெட்டின் பல நூல்கள் இணையத்தில் குட்டன்பெர்க் தளத்தில் காசில்லாமல் கிடைக்கின்றன. மலிவுப் பதிப்புகள் பலவற்றில் மொழிபெயர்ப்பாளர் பெயரே இருக்காது. அப்போது ஃபியோதோரோவிச் என்ற பெயரின் ஆங்கில எழுத்துகளைப் பாருங்கள். கடைசி 'சி'க்கு (c) முன்னால் ஒரு 'டி' (t) நின்றால் பெரும்பாலும் அது கார்னெட்தான். துர்கனேவுக்கும் செகாவுக்கும் நான் கார்னெட்டை விட்டு நகரமாட்டேன். 1916 முதல் 1922 வரை பதின்மூன்று தொகுதிகளாக வந்த அந்தச் செகாவ் கதைகளில் வாக்கியங்கள் எங்கும் குரலை உயர்த்துவதில்லை. செகாவும் அப்படித்தான் எழுதினார்.