அரீத்தா ஃபிராங்க்ளினின் 1972 இரட்டை இசைத்தட்டு: தயங்காமல் வாங்கலாம்

‘அமேசிங் கிரேஸ்’ என்ற இந்த இரட்டைத் தட்டை, கும்பகோணத்தில் பழைய இசைத்தட்டு விற்கும் கடையில் வாங்கினேன். அட்டையின் ஓரம் செல்லரித்திருக்கிறது. தட்டுகள் இரண்டிலும் கீறல் இல்லை.

அமெரிக்கக் கறுப்பினத்தவரின் சோல் இசைக்கு அரசி என்று பெயரெடுத்த பிறகு, லாஸ் ஏஞ்சலிஸ் தேவாலயம் ஒன்றில் இரண்டு இரவுகள் சபையார் முன் அவர் பாடிய பக்திப் பாடல்கள் இவை. தலைப்புப் பாட்டு மட்டும் பத்து நிமிடத்துக்கு மேல். ஒரே அசையைப் பிடித்து வளைக்கிறார், நிறுத்துகிறார், சபை ஆர்ப்பரிக்க மறுபடி மேலேற்றுகிறார். திருவாவடுதுறைப் பக்கம் நாகசுரம் கேட்டு வளர்ந்த எனக்கு, தாளக்கட்டில்லாத அந்த இடம் ஆலாபனையேதான். வாய்விட்டு ‘பலே’ என்றேன்.

அவருடைய அப்பா சி.எல்.ஃபிராங்க்ளின், டெட்ராய்ட்டின் புகழ்பெற்ற போதகர். இத்தட்டில் அவர் பேச்சும் இருக்கிறது. பாடகியான அம்மா பார்பரா, மகளுக்குப் பத்து வயது நிரம்புமுன் காலமானார். அக்கா எர்மா, தங்கை கரோலின் இருவரும் பாடகிகள். எர்மாவுக்கு உரிய பெயர் கிடைக்கவில்லை என்பது என் ஆதங்கம். நம் மேளக்காரக் குடும்பங்களிலும் இப்படி மறைந்துபோன தமக்கைகள் உண்டு.

விலை கூடுதல்தான், ஆனாலும் தகும். ஊசியை மாற்றிவிட்டுப் போடுங்கள். தேய்ந்த ஊசியில் அவருடைய உச்சஸ்தாயி கரகரக்கும்.